கன்சார்டியம் மேசையில் ஐ.ஜி. படேல்

1958 ஆகஸ்ட் கடைசி வாரம் வாஷிங்டனில் உலக வங்கி ஒரு கூட்டம் போட்டது. அமெரிக்கா, பிரிட்டன், மேற்கு ஜெர்மனி, ஜப்பான், கனடா என ஐந்து நாடுகளின் அதிகாரிகள் வந்திருந்தார்கள். விஷயம் ஒன்றுதான். இந்தியாவின் கையில் இருந்த டாலரும் பவுண்டும் வேகமாகத் தீர்ந்துகொண்டிருந்தன. இரண்டாம் ஐந்தாண்டுத் திட்டத்துக்காக வெளிநாடுகளில் ஆர்டர் செய்த எஃகு ஆலை எந்திரங்களுக்கும் ரயில் என்ஜின்களுக்கும் பணம் கட்ட வேண்டிய நாள் நெருங்கிவிட்டது. மூன்று நாள் பேசியபின், அவசரத்துக்கு சுமார் 35 கோடி டாலர் தருவதென்று முடிவானது. பின்னாளில் 'இந்திய உதவி கன்சார்டியம்' என்று பெயர் பெற்ற அமைப்பு தொடங்கியது இப்படித்தான்.

அதே ஆண்டு, 34 வயது நிரம்பாத பொருளாதார அறிஞர் ஒருவர் பன்னாட்டு நிதியத்தில் இந்தியாவின் மாற்று நிர்வாக இயக்குநராக வாஷிங்டன் போனார். பெயர் இந்திரபிரசாத் கோர்தன்பாய் படேல். டெல்லி வட்டாரத்தில் ஐ.ஜி. என்றால் போதும். 1958 தொடங்கி 1972 வரை வெளிநாட்டு உதவி பற்றி இந்தியா எடுத்த பெரிய முடிவுகள் பலவற்றின் கோப்புகளில் அவருடைய குறிப்பு இருந்தது.

வெளிநாட்டு உதவியின் வரலாற்றைத் தலைவர்களின் கதையாகவே நாம் படித்துப் பழகியிருக்கிறோம். நேரு கேட்டார், கென்னடி கொடுத்தார், ஜான்சன் இழுத்தடித்தார் என்று. அந்தத் தலைவர்கள் கைகுலுக்குவதற்கு முந்தைய இரவு, எவ்வளவு கேட்பது, எந்த வட்டிக்கு, எத்தனை ஆண்டுத் தவணைக்கு, எதற்குப் பணிந்துபோகலாம், எதற்குக் கூடாது என்று நாலு பக்கத்தில் எழுதிக் கொடுத்தவர்கள் இருந்தார்கள். அவர்கள் செய்த வேலைக்கு உரிய மரியாதை இன்னும் கிடைக்கவில்லை.

படேல் 1924 நவம்பரில் குஜராத்தின் சுணாவ் என்ற ஊரில் பிறந்தவர். பரோடா கல்லூரியில் படித்துவிட்டு கேம்பிரிட்ஜின் கிங்ஸ் கல்லூரிக்குப் போனார். திரும்பிவந்து பரோடாவில் கொஞ்ச காலம் பாடம் நடத்தினார். பிறகு பன்னாட்டு நிதியத்தின் ஆராய்ச்சித் துறையில் சில ஆண்டுகள். 1954-ல் நிதி அமைச்சகத்தில் துணைப் பொருளாதார ஆலோசகராகச் சேர்ந்தபோது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. அன்றைய டெல்லியில் ஐ.சி.எஸ். அதிகாரிகளின் சொல்தான் எடுபடும். கோட்டும் சூட்டுமாக வெளிநாட்டுப் பட்டத்தோடு வந்த இளம் பேராசிரியர்களை அவர்கள் எப்படி ஏற்றுக்கொண்டார்கள் என்பது தனிக் கதை. ஏற்றுக்கொள்ளவைத்தது அந்நியச் செலாவணி நெருக்கடி.

சுதந்திரம் அடைந்தபோது இந்தியா செலாவணிக்குத் திண்டாடிய நாடு இல்லை. இரண்டாம் உலகப் போரில் பிரிட்டன் இந்தியாவிடம் தானியம், துணி, தளவாடம் என்று வாங்கிக் குவித்துவிட்டு, விலையை லண்டனில் கணக்கில் எழுதிவைத்தது. ஸ்டெர்லிங் பாக்கி எனப்பட்ட அந்தத் தொகை போர் முடிந்தபோது நூறு கோடிப் பவுண்டைத் தாண்டியிருந்தது. வங்கப் பஞ்சத்தில் இலட்சக்கணக்கானோர் செத்த அதே ஆண்டுகளில் சேர்ந்த பணம் அது. முதல் ஐந்தாண்டுத் திட்டம் வரை அந்தக் கையிருப்பு தாங்கியது. 1956-ல் இரண்டாம் திட்டம் தொடங்கியதும் கனரகத் தொழிலுக்கு எந்திரம், எந்திரத்துக்கு டாலர் என்று செலவு பாய்ந்தது. முதல் இரண்டு ஆண்டுகளிலேயே கையிருப்பு ஏறத்தாழப் பாதியானது. டி.டி. கிருஷ்ணமாச்சாரி நிதி அமைச்சராக இருந்த 1957-ல் ரிசர்வ் வங்கிச் சட்டத்தையே திருத்த வேண்டிவந்தது. தங்கமும் வெளிநாட்டு நாணயமுமாகக் குறைந்தது 200 கோடி ரூபாய், அதில் தங்கம் மட்டும் 115 கோடி இருந்தால் போதும் என்று வரம்பை இறக்கினார்கள்.

இரண்டாம் திட்டத்தின் கணக்கில் வெளிநாட்டு உதவி என்று 800 கோடி ரூபாய் எழுதப்பட்டிருந்தது. எழுதியபோது அதை யார் தருவார்கள் என்று எவருக்கும் தெரியாது. மூன்றாம் திட்டத்துக்கு வந்தபோது தானிய உதவியும் சேர்த்து அந்த எண் சுமார் 3,200 கோடி ஆகிவிட்டது. ஒரு நாட்டின் திட்டத்தில் இவ்வளவு பெரிய தொகை பிறர் கையில் இருக்கும்போது, அதைப் பேசிப் பெறுவதற்கென்று ஆட்கள் வேண்டும். வாஷிங்டனில் பி.கே. நேரு அந்தப் பொறுப்பில் அமர்த்தப்பட்டார். பொருளாதார விவகாரங்களுக்கான கமிஷனர் ஜெனரல் என்று பதவிக்குப் பெயர். பேச்சு அவருடையது. பேச்சுக்கு வேண்டிய கணக்கு டெல்லியில் முதன்மைப் பொருளாதார ஆலோசகர் ஜே.ஜே. அஞ்சாரியாவின் அலுவலகத்திலிருந்து வந்தது. 1961-ல் அஞ்சாரியாவின் நாற்காலிக்கு படேல் வந்தார்.

அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் என்ன செய்தார் என்பதைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்க்கலாம்.

முதல் வேலை ஓர் அட்டவணை. ஒரு பக்கம் வரவு: தேயிலை, சணல், பருத்தித் துணி ஏற்றுமதியில் அடுத்த ஐந்தாண்டில் எவ்வளவு கிடைக்கும். இன்னொரு பக்கம் செலவு: எந்திரம், உதிரிபாகம், பெட்ரோலியம், உரம், கோதுமை, பழைய கடனுக்கு வட்டியும் அசலும். கழித்தால் வருவது பற்றாக்குறை, அதுதான் கேட்க வேண்டிய தொகை. கணக்கு இவ்வளவுதான் என்றாலும், ஒவ்வொரு எண்ணுக்குப் பின்னாலும் ஓர் ஊகம் உண்டு. ஏற்றுமதி மளமளவென்று வளரும் என்று எழுதினால் பற்றாக்குறை சுருங்கும், உதவியும் சுருங்கும். வளராது என்று எழுதினால், உங்கள் கொள்கையில்தான் கோளாறு என்று எதிரே இருப்பவர் சொல்வார். இரண்டுக்கும் நடுவே, தன் மனசாட்சி ஒப்பும் எண்ணைக் கண்டுபிடித்து அதைக் கூட்டத்தில் காப்பாற்ற வேண்டும். சொந்த அமைச்சர்களிடமும் காப்பாற்ற வேண்டும், அது இன்னும் கடினம்.

இரண்டாவது, வாக்குறுதிக்கும் பணத்துக்கும் உள்ள தூரம். 1961-ல் மூன்றாம் திட்டத்தின் முதல் இரண்டு ஆண்டுகளுக்கு கன்சார்டியம் சுமார் 220 கோடி டாலர் தருவதாக அறிவித்தது. பத்திரிகைகளில் பெரிய செய்தி. ஆனால் அறிவிப்புக்குப்பின் ஒவ்வொரு நாட்டோடும் தனித்தனி ஒப்பந்தம், பிறகு திட்ட அறிக்கை, பிறகு டெண்டர், பிறகு ஆர்டர், பிறகு கப்பல். பணம் கணக்கில் விழ இரண்டு, மூன்று ஆண்டுகள்கூட ஆகும். இதற்கிடையே அறிவிப்பு வெளியான மறுநாளே ஒவ்வொரு அமைச்சகமும் தன் பங்கைக் கேட்டு வந்து நிற்கும். வராத பணத்தை யாரும் செலவழித்துவிடாமல் பார்த்துக்கொள்வது ஆலோசகரின் தினப்படி வேலையாக இருந்தது.

மூன்றாவதுதான் சூட்சுமமானது. எல்லாக் கடனும் ஒரே கடன் அல்ல. பிலாய் எஃகு ஆலைக்கு சோவியத் யூனியன் 1955-ல் கொடுத்த கடனுக்கு வட்டி இரண்டரை சதவீதம், தவணை 12 ஆண்டு. ரூர்கேலாவுக்கு மேற்கு ஜெர்மனியிலிருந்து வந்த எந்திரங்களுக்கோ குறுகிய காலத்தில், கூடுதல் வட்டியோடு கட்ட வேண்டியிருந்தது. 1958 நெருக்கடியை அது இன்னும் முற்றவைத்தது. 1960-ல் உலக வங்கியின் கிளையாக ஐ.டி.ஏ. பிறந்தபோது அதன் கடனுக்குத் தவணை 50 ஆண்டு, முதல் பத்து ஆண்டு அசல் கட்ட வேண்டாம், முக்கால் சதவீதம் சேவைக் கட்டணம் மட்டும். மூன்றையும் 'உதவி' என்ற ஒரே தலைப்பில் கூட்டிப் போட்டால் அந்தக் கூட்டுத்தொகைக்குப் பொருளே இல்லை. போதாக்குறைக்கு, பெரும்பாலான நாடுகள் தங்கள் கடனைத் தங்கள் நாட்டுச் சரக்கை வாங்கத்தான் பயன்படுத்த வேண்டும் என்று கட்டிப்போட்டன. வேறு வழியில்லாத வாடிக்கையாளரிடம் கம்பெனிக்காரர் விலை ஏற்றிச் சொல்வார். காகிதத்தில் நூறு ரூபாய் உதவி, கைக்கு வரும் சரக்கின் மதிப்பு அதைவிடக் குறைவு.

இந்த வித்தியாசங்களைத் தமிழ்நாட்டு வரைபடத்திலேயே பார்க்கலாம். நீலகிரியில் குந்தா நீர்மின் திட்டம் கொழும்புத் திட்டத்தின் கீழ் கனடா தந்த உதவியில் எழுந்தது. நெய்வேலியின் முதல் அனல்மின் நிலையத்துக்கு சோவியத் கடன். சுரங்கத்தில் மண்ணை வாரும் ராட்சதச் சக்கர எந்திரங்கள் ஜெர்மனியில் செய்தவை. திருச்சியில் கொதிகலன் ஆலைக்கு செக்கோஸ்லோவாக்கியா, 1959-ல் சென்னை ஐ.ஐ.டி.க்கு மேற்கு ஜெர்மனி. ஒவ்வொன்றுக்கும் ஒரு நாணயம், ஒரு தவணை, ஒரு மொழியில் எழுதிய இயக்கக் கையேடு. நெய்வேலியில் ரஷ்யப் பொறியாளர்கள் குடியிருந்த காலத்தைப் பேசும் பெரியவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அந்த எந்திரங்களின் கடைசித் தவணை எப்போது கட்டப்பட வேண்டும் என்பதை டெல்லியில் யாரோ ஒருவர் நினைவில் வைத்திருந்தார் என்பதும் அந்தக் கதையின் ஒரு பகுதி.

மேசையின் எதிர்ப்பக்கத்திலும் பொருளாதார அறிஞர்கள்தான் இருந்தார்கள். கென்னடி இந்தியாவுக்கு அனுப்பிய தூதர் ஜான் கென்னத் கால்பிரெய்த் ஹார்வர்ட் பேராசிரியர். அமெரிக்க உதவி நிறுவனத்தின் டெல்லி அலுவலகத்தை 1964 முதல் நடத்திய ஜான் லூயிஸ், அதற்கு முன்பே இந்தியப் பொருளாதாரம் பற்றிப் புத்தகம் எழுதியவர். பிரிட்டனில் 1964-ல் வெளிநாட்டு வளர்ச்சிக்கென்று தனி அமைச்சகம் அமைந்தபோது அதன் பொருளாதாரத் திட்டப் பிரிவுக்குத் தலைவராக டட்லி சியர்ஸ் வந்தார். எம்.ஐ.டி.யில் ரோசன்ஸ்டைன்-ரோடான், வாஷிங்டனில் ஹோலிஸ் செனரி என்று, ஏழை நாட்டுக்கு எவ்வளவு உதவி வேண்டும் என்பதைக் கணக்குச் சூத்திரமாக்கியவர்கள் இன்னொரு அணி. உள்நாட்டுச் சேமிப்பில் ஓர் இடைவெளி, அந்நியச் செலாவணியில் ஓர் இடைவெளி, எது பெரியதோ அதுதான் வளர்ச்சியைத் தடுக்கும் என்பது செனரியின் வாதம். ஆக, கேட்டவரும் கொடுத்தவரும் ஒரே பாடப்புத்தகத்தைப் படித்தவர்கள். அதனால் பேச்சு சுலபமானது. ஆனால் லூயிஸ் போன்றவர்கள் எவ்வளவு நல்லெண்ணத்தோடு எழுதினாலும் கடைசிக் கையெழுத்து அமெரிக்க நாடாளுமன்றத்தின் கையில் இருந்தது. பொகாரோ எஃகு ஆலைக்கு கால்பிரெய்த் எவ்வளவோ வாதாடியும் நாடாளுமன்றத்தில் எதிர்ப்பு வலுத்தது. 1963-ல் நேருவே கோரிக்கையைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். சோவியத் யூனியன் அந்த ஆலையை எடுத்துக்கொண்டது.

உதவியே வேண்டாம் என்றவர்களும் இருந்தார்கள். 1955-ல் இரண்டாம் திட்டத்தை ஆராய்ந்த பொருளாதார அறிஞர் குழுவில் பி.ஆர். ஷெனாய் ஒருவர் மட்டும் மறுப்புக் குறிப்பு எழுதினார். சக்திக்கு மீறிய திட்டம் போடுகிறீர்கள், பணவீக்கத்திலும் செலாவணி நெருக்கடியிலும் போய் முடியும் என்றார். இரண்டே ஆண்டில் நெருக்கடி வந்தது. பிரிட்டனில் பொருளாதார அறிஞர் பீட்டர் பாவர் இன்னும் ஒரு படி மேலே போய், அமெரிக்க உதவி இந்திய அரசின் பிடியைத்தான் வலுப்படுத்துகிறது, மக்களின் கையை அல்ல என்று 1959-ல் ஒரு நூலே எழுதினார். இவர்களை டெல்லி காதில் போட்டுக்கொள்ளவில்லை. அது தவறு என்றே சொல்ல வேண்டும். முழுதாக ஏற்க வேண்டியதில்லை, ஆனால் அவர்கள் கேட்ட கேள்விகளுக்குத் திட்டக் கமிஷன் எண்களால் பதில் சொல்லியிருக்கலாம். குறிப்பாக, கோதுமை விஷயத்தில்.

கோதுமைக் கதை 1951-ல் தொடங்குகிறது. அந்த ஆண்டு பஞ்சத்துக்கு அஞ்சி அமெரிக்காவிடம் இந்தியா தானியம் கேட்டது. மாதக்கணக்கில் விவாதித்தபின் 19 கோடி டாலர் கடனாகக் கொடுத்தார்கள். 1954-ல் ஐசனோவர் கையெழுத்திட்ட பொதுச் சட்டம் 480 நிலைமையை மாற்றியது. அமெரிக்க விவசாயிகளிடம் விற்காமல் தேங்கிய தானியத்தை ஏழை நாடுகள் தங்கள் நாணயத்திலேயே வாங்கிக்கொள்ளலாம் என்றது அந்தச் சட்டம். பி.எல். 480 கோதுமை என்று ரேஷன் கடைகளில் பேர் பெற்றது இதுதான். 1960 மே மாதம் உணவு அமைச்சர் எஸ்.கே. பாட்டீல் கையெழுத்திட்ட ஒப்பந்தம் ஒன்று மட்டும் நான்கு ஆண்டுகளில் 1 கோடியே 70 இலட்சம் டன் தானியத்துக்கு வழிசெய்தது.

டாலர் செலவில்லை, ரூபாய் கொடுத்தால் போதும். கேட்க சுகமாக இருந்தது. ஆனால் அந்த ரூபாய் எங்கே போயிற்று? இந்தியாவிலேயே அமெரிக்க அரசின் கணக்கில் சேர்ந்தது. கொஞ்சம் தூதரகச் செலவுக்கு, கொஞ்சம் இந்தியத் தொழில்களுக்குக் கடனாக, பெரும்பகுதி இந்திய அரசுக்கே கடனாகவும் மானியமாகவும். வட்டியும் சேர்ந்து அது ஆண்டுக்காண்டு பெருகியது. இந்திய நாணயத்தின் கணிசமான பங்குக்கு அந்நிய அரசு ஒன்று உரிமைக்காரனாக இருப்பது எந்த நிதி அமைச்சகத்துக்கும் நிம்மதி தராது. இன்னொரு பக்கம், மலிவான அமெரிக்கக் கோதுமை உள்ளூர் விவசாயிக்குக் கிடைக்கும் விலையை அமுக்குகிறது என்று 1960-லேயே அமெரிக்கப் பொருளாதார அறிஞர் தியோடர் ஷுல்ட்ஸ் எழுதினார். விலை இல்லாவிட்டால் எவன் கூடுதலாக விளைவிப்பான்?

இந்தக் கேள்வியை அரசியலாக எடுத்துக்கொண்டவர் சி. சுப்பிரமணியம். 1964-ல் உணவு அமைச்சரானதும் விவசாயிக்குக் கட்டுப்படியாகும் விலை என்ற கொள்கையைப் பிடித்துக்கொண்டார். 1965 ஜனவரியில் விவசாய விலைக் கமிஷன் அமைந்தது. அதே மாதம் 14-ம் தேதி இந்திய உணவுக் கழகம் பிறந்தது, அதன் முதல் மாவட்ட அலுவலகம் தஞ்சாவூரில். 1965 நவம்பரில் ரோமில் அமெரிக்க வேளாண் அமைச்சர் ஆர்வில் ஃபிரீமனோடு அவர் செய்துகொண்ட உடன்பாடு அன்று இரகசியம். விவசாயத்துக்கு இன்னின்னது செய்வோம் என்று இந்தியா எழுதிக் கொடுத்தது. அவற்றில் பலவும் சுப்பிரமணியம் தாமே செய்ய விரும்பியவை என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது. வெளியிலிருந்து வந்த நிபந்தனையைத் தன் சொந்தக் கொள்கைக்குத் துணையாக்கிக்கொண்ட மந்திரி அவர். 1966-ல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் விதைக் கோதுமை கப்பலேறியது.

ரூபாய் மதிப்பு விஷயம் அப்படி நல்லபடியாக முடியவில்லை.

1964-ல் உலக வங்கி பெர்னார்ட் பெல் தலைமையில் ஒரு பெரிய குழுவை அனுப்பியது. ரூபாயின் மதிப்பைக் குறையுங்கள், இறக்குமதிக் கட்டுப்பாட்டைத் தளர்த்துங்கள், விவசாயத்துக்கு முன்னுரிமை கொடுங்கள் என்பது அந்தக் குழு சொன்னதன் சாரம். மீண்டும் நிதி அமைச்சராகியிருந்த டி.டி.கே. மதிப்புக் குறைப்பைக் கடைசிவரை எதிர்த்தார். 1965 செப்டம்பரில் பாகிஸ்தானோடு போர் வந்ததும் அமெரிக்கா உதவியை நிறுத்தியது. அந்த ஆண்டும் அடுத்த ஆண்டும் மழை பொய்த்தது. 1965 டிசம்பர் கடைசியில் டி.டி.கே. வேறொரு சர்ச்சையில் பதவி விலகினார். பத்து நாளில் பிரதமர் சாஸ்திரி தாஷ்கண்டில் இறந்தார். இந்திரா காந்தி பிரதமரானபோது செலாவணி இல்லை, தானியம் இல்லை, உதிரிபாகம் இல்லாமல் பாதித் தொழிற்சாலைகள் முடங்கிக் கிடந்தன.

மதிப்புக் குறைப்பு இனித் தவிர்க்க முடியாது என்று கண்ட சின்ன வட்டத்தில் பிரதமரின் செயலாளர் எல்.கே. ஜா, நிதித்துறைச் செயலாளர் எஸ். பூதலிங்கம், இடையில் விலகி மறுபடி முதன்மைப் பொருளாதார ஆலோசகராகத் திரும்பியிருந்த படேல் ஆகியோர் இருந்தார்கள். பூதலிங்கத்தைத் தமிழ் இலக்கியம் வேறொரு வழியில் அறியும். 'வாஸவேச்வரம்' நாவலை எழுதிய கிருத்திகா அவருடைய மனைவி. அவர்களின் மருமகன் வேளாண் விஞ்ஞானி எம்.எஸ். சுவாமிநாதன். ரூபாயின் மதிப்பும் மெக்சிகோ கோதுமையும் தமிழ் நவீன நாவலும் ஒரே குடும்பத்துக்குள் புழங்கிய காலம் அது.

இப்படிப்பட்ட முடிவை ஊரறிய விவாதிக்க முடியாது. செய்தி கசிந்தால் கையில் செலாவணி உள்ளவர் எல்லாம் பதுக்கிவிடுவார்கள். ஆகவே குறிப்புகளைத் தட்டச்சுக்குக்கூடப் பலர் கையில் கொடுக்காமல், அமைச்சரவையின் பெரும்பகுதிக்கே தெரியாமல் வேலை நடக்க வேண்டும். வழக்கமாகப் பத்துப் பேர் பார்த்துத் திருத்தும் கோப்பில், ஆலோசகர் சொல்வதைச் சரிபார்க்க இரண்டாம் கண் இருக்காது. ஒரு பொருளாதார அறிஞரின் பொறுப்பு அந்த வாரங்களில் எவ்வளவு கனத்திருக்கும் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும்.

1966 மார்ச்சில் இந்திரா காந்தி வாஷிங்டன் போய் ஜான்சனைச் சந்தித்தார். அடுத்து திட்ட அமைச்சர் அசோக் மேத்தா போய் உலக வங்கித் தலைவர் ஜார்ஜ் வுட்ஸோடு பேசினார். மதிப்பைக் குறைத்து இறக்குமதியைத் தளர்த்தினால் ஆண்டுக்கு 90 கோடி டாலர், அதுவும் திட்டங்களோடு கட்டிப்போடாத உதவியாக, கிடைக்கும் என்ற நம்பிக்கையோடு தூதுக்குழு திரும்பியது. ஜூன் 6-ம் தேதி ரூபாயின் மதிப்பு குறைக்கப்பட்டது. அதுவரை ஒரு டாலர் 4 ரூபாய் 76 காசு. அன்றிலிருந்து 7 ரூபாய் 50 காசு. முன்பு வாங்கிய ஒவ்வொரு கோடி டாலர் கடனும் ஒரே இரவில் 4.76 கோடி ரூபாயிலிருந்து 7.50 கோடியாக ஏறியது. 59 தொழில்களுக்கு உதிரிபாகமும் மூலப்பொருளும் தாராளமாக இறக்குமதி செய்யும் அனுமதி கிடைத்தது.

காங்கிரஸ் தலைவர் காமராஜருக்குக் கடைசி நேரத்தில்தான் விஷயம் தெரிந்தது. அவர் கொதித்துப்போனார். இந்திராவுக்கும் அவருக்கும் விழுந்த விரிசலில் இதற்கு முக்கியப் பங்கு உண்டு. பொருளாதாரக் காரணம் எத்தனை சரியாக இருந்தாலும், கட்சியின் மூத்தவருக்கே அதை விளக்க முடியாதபடி அந்நியர் சொல்லிச் செய்த காரியம் என்ற தோற்றம் வந்துவிட்டது. மழையும் கைகொடுக்கவில்லை. பீகார் வறட்சியில் தவித்தது, ஏற்றுமதி நினைத்தபடி ஏறவில்லை, விலைவாசி ஏறியது. மதிப்புக் குறைப்பின் பலன் எது, பஞ்சத்தின் விளைவு எது என்று யாராலும் பிரித்துக் காட்ட முடியவில்லை. 1967 தேர்தலில் சென்னை மாநிலத்தில் காங்கிரஸை வீழ்த்தியதில் இந்தி எதிர்ப்புக்கு அடுத்தபடி அரிசித் தட்டுப்பாட்டுக்குப் பெரிய பங்கு. காமராஜரே விருதுநகரில் தோற்றார்.

அதே சமயம் கோதுமைக் கப்பலையும் ஜான்சன் மாதாமாதம் தானே பார்த்து அனுப்பினார். வியட்நாமில் குண்டுவீச்சை நிறுத்தச் சொல்லி 1966 ஜூலையில் இந்திரா பேசியது அவருக்குப் பிடிக்கவில்லை. அந்த ஆண்டு சுமார் 1 கோடி டன் தானியம் வெளியிலிருந்து வந்தது. நியூ ஆர்லியன்ஸ் துறைமுகத்திலிருந்து கப்பல் கிளம்பியதா என்று டெல்லியில் அதிகாரிகள் காத்திருந்தார்கள். கொடுப்பவர் மனம் மாறினால் சில வாரங்களில் ரேஷன் கடை காலி.

90 கோடி டாலர் என்ன ஆயிற்று? முதல் ஆண்டுக்குரிய வாக்கு ஓரளவு நிறைவேறியது. அடுத்தடுத்த ஆண்டுகளில் அந்த அளவு தொடரவில்லை. நிபந்தனையை இந்தியா ஒரே நாளில் நிறைவேற்றிவிட்டது. மதிப்பைக் குறைத்த ரூபாயைத் திரும்ப ஏற்ற முடியாது. பணமோ ஆண்டுதோறும் வேறு நாட்டு நாடாளுமன்றங்கள் ஒதுக்க வேண்டியது. முதலில் முழு விலையையும் கொடுத்துவிட்டுச் சரக்குக்காகக் காத்திருந்த வியாபாரம் அது. மதிப்புக் குறைப்பு தேவையான மருந்துதான் என்று இன்று பெரும்பாலான பொருளாதார அறிஞர்கள் சொல்வார்கள். ஆனால் பேரம் பேசிய விதத்தில் இந்தியா ஏமாந்தது. அதன்பின் சுமார் கால் நூற்றாண்டு, 1991 வரை, எந்த அரசும் வெளிப்படையாக மதிப்பைக் குறைக்கத் துணியாததற்கு அந்தச் சூடு ஒரு காரணம்.

அந்த அனுபவத்துக்குப்பின் பேச்சின் போக்கு மாறியது. புதிதாக எவ்வளவு கிடைக்கும் என்பதோடு, பழைய கடனை எப்படித் தள்ளிப்போடுவது என்பதும் அட்டவணையில் ஏறியது. புதிய உதவியில் பெரும்பங்கு பழைய கடனைக் கட்டவே போய்க்கொண்டிருந்தது. உலக வங்கி சார்பில் பிரெஞ்சு நிபுணர் கியோம் கிண்டே ஆராய்ந்து கொடுத்த யோசனைப்படி 1968 முதல் கன்சார்டியம் நாடுகள் கடன் நிவாரணம் தரத் தொடங்கின. அந்தக் காலகட்டத்தில் படேல் பொருளாதார விவகாரத் துறையின் செயலாளரானார். ஆலோசனை சொல்லும் இடத்திலிருந்து கையெழுத்திடும் இடம். 1969-ல் வங்கிகளை அரசுடைமையாக்கும் முடிவை இந்திரா காந்தி எடுத்தபோது, ஒரு நாள் அவகாசத்தில் மசோதாவைத் தயாரிக்கும் பொறுப்பும் அவர் தலையில் விழுந்தது. வெளிநாட்டு வங்கிகளைத் தொட வேண்டாம் என்று அவர் சொன்ன யோசனை ஏற்கப்பட்டது. கன்சார்டியம் மேசையில் உட்கார்ந்து பழகியவரின் எச்சரிக்கை அது.

1971-ல் கிழக்கு வங்கத்திலிருந்து ஏறத்தாழ ஒரு கோடி அகதிகள் வந்தார்கள். அவர்களுக்கான செலவில் உலகம் தந்தது சிறுபகுதி. டிசம்பரில் போர் மூண்டதும் அமெரிக்கா மீண்டும் உதவியை நிறுத்தியது. ஆறு ஆண்டில் இரண்டாவது முறை. ஆனால் இந்த முறை டெல்லி தவித்துப்போகவில்லை. பஞ்சாபில் புதுக் கோதுமை விளைந்து களஞ்சியங்களில் நிறைந்திருந்தது. 1965-க்கும் 1971-க்கும் நடுவே இந்தியாவின் பேச்சில் வந்த நிமிர்வுக்கு ராணுவ வெற்றியைக் காட்டுவார்கள். அந்தக் களஞ்சியத்தையும் சேர்த்தே காட்ட வேண்டும்.

1974 பிப்ரவரி 18 அன்று அமெரிக்கத் தூதர் டேனியல் பேட்ரிக் மொய்னிகன் டெல்லியில் இந்திய அரசிடம் ஒரு காசோலையைக் கொடுத்தார். தொகை 1,664 கோடி ரூபாய். பி.எல். 480 கோதுமைக்காக இந்தியா கட்டிக்கட்டிச் சேர்ந்த ரூபாயில் பெரும்பகுதியை அமெரிக்கா விட்டுக்கொடுத்தது. அதுவரை உலகில் எழுதப்பட்ட காசோலைகளில் ஆகப் பெரியது என்று கின்னஸ் புத்தகம் குறித்துக்கொண்டது. இதைத் தாராளம் என்று மட்டும் சொல்வதற்கில்லை. செலவழிக்க முடியாத பணம் அது. செலவழித்தால் இந்தியாவில் விலைவாசி ஏறும், வெளியே கொண்டுபோகவும் ஒப்பந்தம் இடம் தராது. இரு தரப்புக்கும் சங்கடமான ஒரு கணக்கை முடித்துவைத்த காசோலை.

அப்போது படேல் டெல்லியில் இல்லை. 1972-லேயே ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டத்தின் துணை நிர்வாகியாக நியூயார்க் போய்விட்டார். கேட்பவராக இருந்தவர் கொடுக்கும் அமைப்பில் ஐந்தாண்டு. 1977 டிசம்பரில் ரிசர்வ் வங்கி ஆளுநரானார். எண்ணெய் விலை ஏறி மறுபடி செலாவணி நெருக்கியபோது, 1981-ல் பன்னாட்டு நிதியத்திடம் 500 கோடி எஸ்.டி.ஆர். (நிதியத்தின் கணக்கு அலகு) கடனுக்கு இந்தியா ஒப்பந்தம் செய்தது. அன்றைக்கு நிதியம் கொடுத்த கடன்களிலேயே மிகப் பெரியது. இம்முறை சீர்திருத்தங்களை இந்தியாவே முன்கூட்டி வகுத்து, தன் ஆறாம் திட்டத்தின் பகுதியாக அறிவித்துவிட்டுப் பேசப்போனது. வெளியிலிருந்து திணித்தார்கள் என்ற பேச்சு இந்த முறையும் எழுந்தது, ஆனால் 1966 போல ஆறாத காயமாகவில்லை. ஒப்புக்கொண்ட தொகை முழுவதையும் எடுக்காமலே, சுமார் 390 கோடியோடு 1984-ல் இந்தியா நிறுத்திக்கொண்டது. வாய்த்த கடனை வேண்டாம் என்று சொல்ல முடிந்தது அந்தத் தலைமுறை ஆலோசகர்களின் பெரிய சாதனை என்பேன்.

அதே 1984-ல் படேல் லண்டன் பொருளாதாரப் பள்ளிக்கு இயக்குநராகப் போனார். உதவியைக் கடுமையாக எதிர்த்த பாவர் நெடுங்காலம் பாடம் நடத்திய இடம். 1991-ல் நரசிம்ம ராவ் நிதி அமைச்சர் பதவிக்கு முதலில் அழைத்தது படேலைத்தான். அவர் மறுத்ததும் அந்தப் பொறுப்பு மன்மோகன் சிங்குக்குப் போனது. மன்மோகனும் அதே பாதையில் வந்தவர். 1972-ல் முதன்மைப் பொருளாதார ஆலோசகர், 1982-ல் படேலுக்கு அடுத்த ரிசர்வ் வங்கி ஆளுநர்.

2003-ல் இந்திய அரசு, சிறிய அளவில் உதவி தரும் நாடுகளின் உதவி இனி வேண்டாம் என்று அறிவித்தது. 2004 டிசம்பர் 26 அன்று சுனாமி நாகப்பட்டினத்தையும் கடலூரையும் கன்னியாகுமரியையும் அடித்துப்போட்டபோது பிரதமராக இருந்தவர் மன்மோகன் சிங். நிவாரணத்துக்கு அந்நிய அரசுகளின் உதவி தேவையில்லை என்று அவர் சொன்னார். இந்தியக் கடற்படைக் கப்பல்கள் இலங்கைக்கும் மாலத்தீவுக்கும் இந்தோனேசியாவுக்கும் நிவாரணப் பொருள் கொண்டுபோயின. நாகையில் பிணங்களை எடுத்து முடிக்காத நேரத்தில் இது வீம்பு என்று விமர்சித்தவர்கள் உண்டு. ஆனால் உடனடி நிவாரணத்தை மறுத்த அதே அரசு, வீடு கட்டவும் துறைமுகங்களைச் சீர்செய்யவும் நீண்ட காலக் கடனை உலக வங்கியிடமும் ஆசிய வளர்ச்சி வங்கியிடமும் கேட்டு வாங்கியது. எந்தப் பணத்தை மறுப்பது, எதை ஏற்பது என்று பிரித்துப் பார்க்கும் அந்தக் கணக்கு, 1950-களில் அஞ்சாரியாவும் படேலும் போட்டுப் பழகியது. படேல் 2005 ஜூலையில் நியூயார்க்கில் காலமானார். தமிழகக் கடற்கரை மறுகட்டுமானத்துக்கு உலக வங்கி தன் ஐ.டி.ஏ. கிளையின் மூலம் கடனுக்கு ஒப்புதல் அளித்தது அதற்கு இரண்டு மாதம் முன்பு.